நெய்யும் நூலும் நேர்பார்க்கும் நூலும்
(மு. தளையசிங்கத்தின் 'மெய்யுள்' பற்றிச் சில குறிப்புகள்)

1

பின்நவீனத்துவ விவாதங்கள் ஈழத்துத் தமிழ்ச் சஞ்சிகைகளுக்குள் நுழைந்த நாளிலிருந்து ஒரு கருத்து நம்மிடையே அடிக்கடி புழங்கி வருகின்றது. யதார்த்தம் என்று தனியாக எதுவுமில்லை, இருப்பவை கதையாடல்கள் மாத்திரமே என்பதே அது. லியோத்தார் 1979இல் பெருங்கதையாடல்கள் மீதான நம்பிக்கையின்மை பற்றி எழுதினார். றோலன் பார்த் பிரதியைப் பல இழைகள் கூடிய ஒரு நெசவாக விளக்கினார். நம்மவர் பலர் இவற்றைத் தமிழகத்துச் சிற்றிதழ்களின் வழியாகவே அறிந்தனர். மெல்ல மெல்ல இது ஒரு புதிய விஞ்ஞானம் போலவே பேசப்படலாயிற்று. உலகம் என்பது கதை இழைகளால் ஆன துணி. அத்துணிக்கு அடியில் வேறொன்றும் கிடையாது. இழைகளைப் பிரித்துக் காட்டுவதே விமர்சகனின் வேலை.

இப்பார்வை நமக்குச் செய்த நன்மையை மறுப்பதற்கில்லை. வரலாறு என்று நமக்குச் சொல்லித் தரப்பட்டதை யார் சொன்னார், யாருக்காகச் சொன்னார் என்று கேட்கும் பழக்கத்தை அது தந்தது. பெண்கள், தலித்துகள், முஸ்லிம்கள், மலையக மக்கள் ஆகியோர் தேசியக் கதையின் ஓரங்களில் எவ்வாறு வைக்கப்பட்டனர் என்பதைக் காணும் கண்ணையும் தந்தது. ஆயினும் அதன் எல்லை எது என்ற கேள்வி தமிழில் போதுமான அளவு கேட்கப்படவில்லை. எல்லாமே கதை என்றால், அநியாயம் செய்தவனின் கதையும் அநியாயத்துக்கு ஆளானவனின் கதையும் ஒரே துணியின் இரண்டு இழைகளாகிவிடும் அல்லவா?

இக்கேள்வியைக் கேட்பதற்கு நமக்கு மிகவும் பொருத்தமான இடம் பாரிஸ் அன்று. யாழ்ப்பாணத்துத் தீவகத்தில், அரை நூற்றாண்டுக்கு முன்னர், ஒரு பாடசாலை ஆசிரியர் யதார்த்தத்தைப் பற்றி முற்றிலும் புதியதொரு அறிவுத்துறையையே உருவாக்க முயன்றார். அவர் புங்குடுதீவைச் சேர்ந்த மு. தளையசிங்கம் (1935–1973). அம்முயற்சிக்கு அவர் இட்ட பெயர் 'மெய்யுள்'.

2

தளையசிங்கத்திடம் செல்வதற்கு முன்னர் தமிழிலேயே உள்ள ஒரு பழைய உவமையை நினைவுகொள்வது பயன்தரும். பிரதியை நெசவாகக் காண்பது நமக்கு இறக்குமதிச் சரக்கு அன்று. நூல் என்ற சொல்லே நம்மிடம் இழைக்கும் புத்தகத்துக்கும் பொது. பனுவல் என்பதும் அவ்வாறே பஞ்சோடு தொடர்புடையது. பவணந்தி முனிவரின் நன்னூல், பாயிரத்தில் நூல் என்ற பெயருக்குக் காரணம் கூறுகையில் ஒன்றுக்கு இரண்டு உவமைகளைத் தருகின்றது.

முதலாவது நூற்றல் பற்றியது. சொற்கள் பஞ்சு, பனுவல் இழை, புலவன் நூற்கின்ற பெண், அவன் வாய் அவள் கை, அவன் மதி கதிர். சொல்லிலிருந்து உலகம் திரிக்கப்படுகின்றது என்று இன்று பேசுவோர் இதை மகிழ்ச்சியுடன் ஏற்றுக்கொள்வர்.

இரண்டாவது உவமையில் பஞ்சும் இல்லை, கதிரும் இல்லை. அங்கே வருவது தச்சனின் நூல். மரத்தின் கோணலைக் கண்டு தீர்ப்பதற்கு அவன் இழுத்துப் பிடிக்கும் கயிறு அது. மரத்தின் கோணலை அந்த நூல் தீர்ப்பது போல மனத்தின் கோணலை இந்த நூல் தீர்க்கும் என்கிறது நன்னூல். 'நூல் பிடித்தாற்போல' என்று நாம் இன்றும் சொல்வது இந்த நூலைத்தான்.

இரண்டு நூல்களுக்கும் இடையிலான வேறுபாடு பெரியது. நெய்கின்ற நூல் துணியின் ஒரு பகுதியாகிவிடுகின்றது. தச்சனின் நூல் மரத்தின் பகுதியாவதில்லை. அது சற்று விலகி நின்று, மரம் எங்கே வளைந்திருக்கிறது என்று காட்டிவிட்டு எடுக்கப்படுகின்றது. ஒன்று ஆக்குவதற்கு, மற்றது அளப்பதற்கு. இன்றைய கதையாடல் கோட்பாடு முதலாவதை மட்டும் எடுத்துக்கொண்டு இரண்டாவதைக் கைவிட்டுவிட்டது என்பது என் கருத்து. தளையசிங்கத்தை இவ்விரண்டு நூல்களையும் கையில் வைத்துக்கொண்டே வாசிக்க வேண்டும்.

3

தளையசிங்கம் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பயின்றவர். ஆசிரியராகத் தொழில் புரிந்தவர். 'புதுயுகம் பிறக்கிறது' சிறுகதைத் தொகுதி 1965இல் வெளிவந்தது. 'ஏழாண்டு இலக்கிய வளர்ச்சி' என்ற நீண்ட விமர்சனத்தில், அக்காலத்தில் செல்வாக்குடன் விளங்கிய முற்போக்கு விமர்சகர்களான கைலாசபதியையும் சிவத்தம்பியையும் அவர் கடுமையாக எதிர்கொண்டார். 'போர்ப்பறை' 1970இல் வந்தது. 'மெய்யுள்' அவர் மறைந்த பின்னர் 1974இல் நூலாயிற்று.

அவர் சொன்னதைச் சுருக்கிச் சொன்னால் இவ்வாறு அமையும். மனித குலம் உணர்வுநிலைகளில் படிப்படியாக ஏறி வருகின்றது. அன்னமயம், பிராணமயம், மனோமயம், விஞ்ஞானமயம், ஆனந்தமயம் என்று உபநிடதம் கூறும் ஐந்து கோசங்களை, அரவிந்தரின் வழி நின்று, சமூகத்தின் பரிணாமப் படிகளாகவும் அவர் கொண்டார். மனத்தின் யுகம் முடிகிறது. அதற்கு மேலான விஞ்ஞான யுகம் பிறக்கவிருக்கிறது. கதை, நாவல், கவிதை முதலிய கற்பனைக் கோலங்கள் யாவும் மனத்தின் யுகத்துக்கு உரியவை. வரவிருக்கும் யுகத்தின் எழுத்துக்குச் செய்யுள் என்ற பெயரும் பொருந்தாது, உரைநடை என்ற பெயரும் பொருந்தாது. செய்யுள் என்பதன் வார்ப்பிலேயே, ஆனால் செய்தலுக்குப் பதிலாக மெய்யை முன்னே வைத்து, 'மெய்யுள்' என்ற சொல்லை அவர் உண்டாக்கினார். மார்க்சியர் பேசிய யதார்த்தவாதம் பொருளின் மட்டத்தோடு நின்றுவிடுகிறது என்று கண்டு, அதையும் உள்ளடக்கும் ஒரு பிரபஞ்ச யதார்த்தத்தை வேண்டினார். மார்க்ஸ், காந்தி, இராமகிருஷ்ணர், அரவிந்தர் ஆகிய நால்வரும் அவரது சிந்தனையில் ஒருங்கே வந்து சேர்கின்றனர்.

இவ்விடத்தில் 'விஞ்ஞானம்' என்ற சொல்லைச் சற்று நிறுத்திப் பார்க்க வேண்டும். இலங்கைத் தமிழில் பாடசாலையில் நாங்கள் படிப்பிக்கும் பாடத்தின் பெயரும் விஞ்ஞானம்தான். சோதனைக் குழாய், அளவுகோல், அவதானம், முடிவு என்பன கொண்ட பாடம் அது. உபநிடதத்தின் விஞ்ஞானமோ மனத்தைக் கடந்த அறிவு. அதற்கு வெளியிலிருந்து சோதனை கிடையாது, அடைந்தவனே அறிவான். தளையசிங்கம் பயன்படுத்துவது இரண்டாவது பொருளிலேயே. ஆனால் அவர் எழுத்தின் தொனியில் முதலாவது விஞ்ஞானத்தின் உறுதியும் வந்து ஒட்டிக்கொள்கின்றது. ஒரு யுகத்துக்குப் பின் இன்னொரு யுகம் வரும் என்பதை அவர் பருவமாற்றத்தைச் சொல்வது போலச் சொல்கின்றார். வராவிட்டால் கோட்பாட்டை எவ்வாறு திருத்துவது என்பதற்கு அங்கே வழி இல்லை.

மெய்யுள் கோட்பாட்டின் அடிப்படைக் குறை இதுதான் என்று கருதுகிறேன். அது மெய்யைத் தேடியது. அதற்காக நாம் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் மெய்யென்று கண்டதைச் சோதிக்கும் நூலை அது தரவில்லை. உலக வரலாறு முழுவதையும் எடுத்து, ஒரே இழையில் கோத்து, அவ்விழையின் நுனி எங்கே செல்லும் என்றும் சொல்லிவிட்டது. பெருங்கதையாடல் என்று இன்று நாம் எதைச் சொல்கிறோமோ அதுவே அது. கற்பனைக் கோலங்களை அழிக்கப் புறப்பட்ட ஒருவர் மிகப் பெரிய கோலம் ஒன்றைப் போட்டுவிட்டார் என்று சொன்னால் அது அவரை இகழ்ந்ததாகாது. தீவகத்தின் ஒரு மூலையிலிருந்து அத்தகைய கோலத்தைப் போடும் துணிவு அவருக்குப் பின்னர் நமது எழுத்தாளர்களிடம் அரிதாகவே காணப்படுகின்றது.

4

கோட்பாட்டை விட்டு இனி அவர் செய்ததற்கு வருவோம்.

தீவகத்தைத் தெரியாத வாசகர்களுக்காக ஒரு விளக்கம். எங்கள் சுருவில் இருப்பது வேலணைத் தீவில். அங்கிருந்து கடலை ஊடறுக்கும் நீண்ட தாம்போதியால் புங்குடுதீவுக்குப் போகலாம். இத்தீவுகளில் ஆறு கிடையாது. சுண்ணாம்புக் கல்லின் இடுக்குகளில் மாரி மழை இறங்கித் தேங்கும் நன்னீர், அடியில் உள்ள உவர்நீரின் மேல் ஒரு வில்லை போல மிதக்கின்றது. கடல் மட்டத்துக்கு மேல் 1 அடி நன்னீர் நின்றால் அதற்குக் கீழே ஏறத்தாழ 40 அடி நன்னீர் நிற்கும் என்பது கணக்கு. மேலே சிறிதளவு குறைந்தால் கீழே பன்மடங்கு குறையும். மிதமிஞ்சி இறைத்தால் உவர் ஏறிவிடும். ஆகவே நல்ல தண்ணீர்க் கிணறு ஒன்று இங்கே பெருஞ்சொத்து. அந்தச் சொத்துக்கு யார் வாளி போடலாம் என்பதைத் தீர்மானித்தது சாதி.

1971இல் புங்குடுதீவு கண்ணகை அம்மன் கோயில் நன்னீர்க் கிணற்றில் ஒடுக்கப்பட்ட மக்களும் தண்ணீர் அள்ளும் உரிமைக்காகத் தளையசிங்கம் சத்தியாக்கிரக வழியில் போராடினார். ஆதிக்க சாதியில் பிறந்தவர் அவர். பொலிசாரின் தாக்குதலுக்கு உள்ளானார். அதன் பின்னர் உடல்நலம் குன்றி, 1973 ஏப்ரலில், நாற்பது வயதைத் தொடாமலே காலமானார்.

மெய்யுள் நூலின் பக்கங்களில் எங்கும் கிடைக்காத சோதனை இக்கிணற்றடியில் கிடைக்கின்றது. சாதி ஒரு கதை. பல நூற்றாண்டுகளாக நெய்யப்பட்ட கதை. தீட்டு ஒரு கதை. ஆனால் தாகம் கதை அன்று. தண்ணீரும் கதை அன்று. அள்ளுகின்ற கை எதுவென்று பார்த்து அத்தண்ணீர் உவர்ப்பதில்லை. நெய்யப்பட்ட கதையின் மீது தச்சனின் நூலைப் பிடித்துப் பார்த்தால் கோணல் எங்கே என்று தெரியும் இடம் அதுதான். தளையசிங்கம் தமது விஞ்ஞானத்தை நிரூபித்தாரா என்று கேட்டால், இல்லை என்பேன். அவர் தேடிய மெய்யைத் தொட்டாரா என்று கேட்டால், அந்தக் கிணற்றடியில் தொட்டார் என்பேன்.

இதிலும் ஒரு சிக்கல் உண்டு. கிணற்றுப் போராட்டம் இன்று மீண்டும் மீண்டும் சொல்லப்படும் நிகழ்ச்சியாகியுள்ளது. தமிழகத்தில் சுந்தர ராமசாமி முதலியோர் தளையசிங்கத்தை எடுத்துப் பேசினர். இங்கே அவருடைய தம்பி, கவிஞர் மு. பொன்னம்பலம் அச்சிந்தனையை நெடுங்காலம் முன்னெடுத்தார். இவர்கள் இல்லாவிட்டால் நமக்கு இவ்வளவும் கிடைத்திராது. ஆயினும் நான் வாசித்தவற்றுள் அந்தக் கிணற்றில் தண்ணீர் அள்ள வந்தவர்களின் பெயர்கள் இல்லை. அன்று குடத்தோடு நின்ற பெண் என்ன நினைத்தாள், மறுநாள் அவள் வீட்டுக்கு என்ன நடந்தது என்பது இல்லை. தியாகியின் கதை இருக்கின்றது. தாகத்தின் கதை இல்லை.

அந்தத் தாகத்தை எழுதியவர் கே. டானியல். 'பஞ்சமர்' 1972இல் வந்தது; 'தண்ணீர்' அவர் இறந்த பிறகு 1987இல் வந்தது. ஒடுக்கப்பட்ட சமூகத்தில் பிறந்து, அம்மக்களின் பேச்சையும் கோபத்தையும் நாவலாக்கியவர் அவர். தளையசிங்கம் காலாவதியாகிவிட்டது என்று அறிவித்த கற்பனைக் கோலம்தான் நாவல். அந்தக் கோலத்துக்குள்தான் கிணற்றடியில் காத்து நின்றவர்களின் குரல் பத்திரமாக வந்து சேர்ந்தது. மெய்யுள் கோட்பாட்டுக்கு இதைவிட வலுவான மறுப்பை எந்த விமர்சகரும் எழுதிவிட முடியாது. கற்பனை மெய்க்குப் பகை என்று அவர் கொண்டது சரியன்று. நேராகப் பிடிக்கத் தெரிந்தவன் கையில் நெய்யும் நூலே அளக்கும் நூலாகவும் ஆகலாம்.

5

அப்படியானால் ஒரு கதை மெய்யைத் தாங்குகிறதா என்பதை எதைக் கொண்டு அறிவது? இச்சஞ்சிகையின் வாசகர்கள் நன்கறிந்த ஒரு மரபு இங்கே நமக்கு உதவும் என்று தோன்றுகிறது. அதன் மார்க்க விளக்கம் ஆலிம்களுக்கு உரியது. ஓர் இலக்கிய வாசகன் என்ற அளவில் நான் காண்பதை மட்டும் சொல்கிறேன்.

ஹதீஸ் கலையில் ஒவ்வொரு செய்திக்கும் இரண்டு பகுதிகள் உண்டு: சொல்லப்பட்ட செய்தியாகிய மத்ன், அதைச் சொல்லி வந்தவர்களின் தொடராகிய ஸனத். யாரிடமிருந்து யார் கேட்டார்? இருவரும் ஒரே காலத்தில் வாழ்ந்தவர்களா, சந்தித்திருக்க முடியுமா? சொன்னவர் நேர்மையானவரா, நினைவாற்றல் உள்ளவரா? தொடர் எங்காவது அறுந்திருக்கிறதா? இவற்றையெல்லாம் ஆராய்ந்தே ஸஹீஹ், ஹஸன், ளயீஃப் என்று தரம் பிரித்தார்கள். அறிவிப்பாளர்களின் வாழ்க்கையை ஆராய்வதற்கென்றே ஒரு தனித்துறை வளர்ந்தது. கி.பி. 870இல் மறைந்த இமாம் புகாரி தமக்குக் கிடைத்தவற்றுள் பெரும்பகுதியை விட்டு, கடும் நிபந்தனைகளுக்கு அமைந்தவற்றையே தமது ஸஹீஹ் தொகுப்பில் சேர்த்தார்.

இங்கே நமக்குத் தேவையான பாடம் ஒன்றுண்டு. அம்மரபு கதையாடலின் வலிமையை முழுதாக உணர்ந்திருந்தது. வாய்வழிச் செய்தியின் மீதே ஒரு நாகரிகம் நிற்கிறது என்று தெரிந்திருந்தது. அதனால்தான் எல்லாம் கதைதானே என்று சொல்லிக் கைகழுவாமல், ஒவ்வோர் இழையையும் விரலால் தடவிப் பார்த்தது. அறுந்த இடத்தை அறுந்தது என்று பதிவு செய்தது. பலவீனமானதை மறைக்காமல், பலவீனமானது என்ற அடையாளத்தோடு வைத்திருந்தது. கதைகளைப் பற்றிய விஞ்ஞானம் என்று ஒன்று இருக்க முடியுமானால் அது இத்தகைய பொறுமையிலிருந்துதான் பிறக்க முடியும்.

இந்த நூலைப் புங்குடுதீவுக் கிணற்றுக் கதையின் மீது பிடித்துப் பாருங்கள். தொடர் இருக்கின்றது, ஆனால் முதல் அறிவிப்பாளராக இருக்க வேண்டியவர், அதாவது தண்ணீர் அள்ள வந்தவர், அதில் இல்லை. கதை பொய் என்பதல்ல இதன் பொருள். அது முழுமையடையவில்லை, போய்க் கேட்க வேண்டியவர்கள் இன்னும் இருக்கிறார்கள் என்பதே பொருள்.

கேட்காமலே நெய்வதன் ஆபத்துக்கு எங்கள் கடலிலேயே உதாரணம் உண்டு. புங்குடுதீவின் குறிகட்டுவான் துறையிலிருந்து படகேறினால் நயினாதீவு. அங்கே நாகபூஷணி அம்மன் கோயிலும் நாகவிகாரையும் பள்ளிவாசலும் உள்ளன. மணிமேகலையின் மணிபல்லவம் இதுவே என்பார் உளர். நாக அரசர் இருவர் ஒரு மணி ஆசனத்துக்காகப் பொருத முனைந்தபோது புத்தர் வந்து தீர்த்துவைத்த நாகதீபம் இதுவே என்று மகாவம்சத்தைக் காட்டுவோர் உளர். கதைகள் அருகருகே இருக்கும் வரை அழகு. ஒரு கதையைக் காணி உறுதி போலத் தூக்கிக்கொண்டு மற்றவனுக்கு இங்கே இடமில்லை என்று வரும்போது என்ன நடக்கும் என்பது இந்நாட்டில் யாருக்கும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

6

இவ்வளவையும் நான் எழுதப் புகுந்ததற்கான காரணத்துக்கு இப்போது வரலாம்.

1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது அதைப் பற்றி எழுந்த கவிதைகளுள் மிகப் பரவலாக அறியப்பட்டது எம்.ஏ. நுஃமானின் 'புத்தரின் படுகொலை'. கிழக்கில் கல்முனைக்குடியில் பிறந்து, யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கற்பித்த ஒரு முஸ்லிம் கவிஞர் யாழ்ப்பாணத்தின் இழப்பைத் தம் இழப்பாகப் பாடினார். யாழ்ப்பாணத்தார் தமது துயரத்தைச் சொல்லும்போதெல்லாம் அந்த இழை அதிலே ஓடுகின்றது.

ஒன்பது ஆண்டுகளின் பின்னர், 1990 ஒக்ரோபர் 30ஆம் திகதி, யாழ்ப்பாண முஸ்லிம்கள் ஜின்னா மைதானத்துக்கு அழைக்கப்பட்டு, இரண்டு மணி நேரத்தில் வெளியேற வேண்டும் என்று விடுதலைப் புலிகளால் பணிக்கப்பட்டனர். அம்மாதத்தில் வடமாகாணம் முழுவதிலுமிருந்து ஏறத்தாழ 75,000 பேர் அவ்வாறு துரத்தப்பட்டனர். அவர்களில் பெரும்பாலானோர் புத்தளத்து முகாம்களில் வருடக் கணக்காக வாழ்ந்தனர். இதற்கு யாழ்ப்பாணத்துத் தமிழ் எழுத்து கொடுத்த இடம் எவ்வளவு? நூலகத்துக்காக எழுந்த கவிதைகளோடு வைத்துப் பார்த்தால் கணக்கு நமக்கு எதிராகவே இருக்கும். முஸ்லிம் எழுத்தாளர்கள் எழுதினார்கள்; தம் துயரத்தைத் தாமே எழுத விடப்பட்டார்கள்.

இங்கேதான் 'எல்லாம் கதையாடலே' என்ற சுலோகம் எத்தனை வசதியானது என்பது தெரிகின்றது. அவர்களுக்கு ஒரு கதையாடல், எங்களுக்கு ஒரு கதையாடல் என்று சொல்லி எழுந்து போய்விடலாம். சோனகத் தெருவில் பூட்டப்பட்ட வீடுகள் கதையாடல் அன்று. வாசலில் பறிக்கப்பட்ட தோடும் சங்கிலியும் கதையாடல் அன்று. புங்குடுதீவுக் கிணற்றுத் தண்ணீர் எப்படி மெய்யோ அப்படியே இவையும் மெய். இவற்றுக்கு அறிவிப்பாளர்களும் உண்டு. வடக்கு முஸ்லிம்களின் வெளியேற்றம் பற்றிய பிரஜைகள் ஆணைக்குழு ஊர் ஊராகச் சாட்சியங்களைத் திரட்டி 2011இல் அறிக்கை வெளியிட்டது. இன்னாரிடம் கேட்டோம், இன்னது நடந்ததென்றார் என்னும் அந்தப் பொறுமையான வேலையை, ஹதீஸ் அறிவிப்பாளர் மரபைத் தெரிந்தவர்கள் சட்டென்று அடையாளம் காண்பார்கள்.

தளையசிங்கம் இன்று இருந்தால் எங்கே நிற்பார் என்ற ஊகத்தில் எனக்கு ஆர்வமில்லை. அவர் விட்டுச் சென்றவற்றுள் எதை எடுப்பது, எதை விடுவது என்பதே நமது வேலை. யுகங்களின் அட்டவணையை விட்டுவிடலாம். கற்பனையின் காலம் முடிந்தது என்ற தீர்ப்பை டானியலே தள்ளுபடி செய்துவிட்டார். எடுக்க வேண்டியது அவர் படைத்த அந்தச் சொல்லில் முன்னே நிற்கும் 'மெய்'யை. சொல்லுக்கு அடியில் சொல் அல்லாத ஒன்று இருக்கின்றது, எழுதுகிறவன் அதற்குக் கணக்குக் கொடுக்க வேண்டும் என்ற பிடிவாதம் அது.

எங்கள் தீவில் சார்வோலையில் பெட்டியும் பாயும் இழைக்கும் பெண்களுக்கு, ஓர் ஓலை விடுபட்டுப் போனால் அதை அப்படியே மூடி மேலே இழைத்துக்கொண்டு போக முடியாதென்பது தெரியும். விடுபட்ட இடம் வரை பிரித்துத்தான் திரும்ப இழைக்க வேண்டும். யாழ்ப்பாணத்தின் நவீன இலக்கிய வரலாற்றை இனி எழுதப் போகிறவர்கள் 1990 ஒக்ரோபர் வரை பிரிக்கட்டும். 1971இன் கிணறு வரையும் பிரிக்கட்டும். பிரித்த பிறகு, அந்தக் கிணற்றில் அள்ளியவர்களிடமும் ஜின்னா மைதானத்தில் நின்றவர்களிடமும் போய், நாங்கள் எழுதியதில் எது கோணல் என்று கேட்கட்டும். அவர்களில் முதியவர்கள் ஒவ்வொருவராக மறைந்துகொண்டிருக்கிறார்கள்.